ஐந்நூறு ரூபாயும் ஒரு பானையும்

சர்க்கார் கோர்ட்டுகளை யாராவது குறை சொன்னால் எனக்குக் கோபம் வந்துவிடும். முப்பத்தொரு வருஷம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்து, கோர்ட்டு வராந்தாவிலேயே தலை நரைத்தவன் நான். அங்கே நடக்கிற ஒவ்வொன்றுக்கும் ஒரு காரணம் உண்டு. காரணம் இல்லாவிட்டாலும் செக்‌ஷன் உண்டு. ஆகையால் இந்தக் கதையில் கோர்ட்டின் மேல் ஒரு குற்றமும் கிடையாது என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். குற்றமெல்லாம் கோதண்டராமன் என்கிற குமாஸ்தாவின் மேல்தான். அந்தக் கோதண்டராமன் நான்தான் என்பதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. சொல்லாமல் இருந்து பார்த்தேன், அது இன்னும் வெட்கமாக இருந்தது.

முதலில் சட்டத்தைச் சொல்லிவிடுகிறேன். மனிதனுக்கு வருகிற கஷ்டத்தைச் சர்க்கார் ரூபாய்க் கணக்கில் தரம் பிரித்து வைத்திருக்கிறது. சில்லறைக் கஷ்டத்துக்கு ஒரே ஒரு கோர்ட்டு. அங்கே தோற்றால் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய்விட வேண்டும். நடுத்தரக் கஷ்டத்துக்கு முன்சீப், அவருக்கு மேல் ஜில்லா ஜட்ஜு. நஷ்டஈட்டு வழக்கு பட்டணத்துப் பெரிய கோர்ட்டுக்கு இரண்டாவது அப்பீலாகப் போக வேண்டுமானால், கஷ்டம் ஐந்நூறு ரூபாயை மிஞ்சியிருக்க வேண்டும். சீமைக்கே போவதென்றால் பத்தாயிரம். ஒன்பதாயிரத்துத் தொள்ளாயிரம் ரூபாய்க்கு அழுகிறவனை அந்தச் சீமைப் பெரியவர்கள் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்கள். அவர்களுக்கும் வேலை இருக்கிறதல்லவா?

ஜெர்மன் சண்டை நடந்துகொண்டிருந்த சமயம் அது. பட்டாளத்துக்குப் பூட்ஸ் வேண்டும், பூட்ஸுக்குத் தோல் வேண்டும் என்று ஆம்பூர்ப் பக்கமெல்லாம் பணம் கொழித்தது. பாலாற்றங்கரையில் ஒரு சிற்றூருக்குப் பக்கத்தில், புதிதாக முளைத்த கம்பெனி ஒன்று பெரிய தோல் ஷாப் வைத்தது. தோலை ஊற வைத்த சுண்ணாம்புத் தண்ணீரும் ஆவாரம்பட்டைத் தண்ணீரும் மதிலுக்கு வெளியே வந்தன. வந்த தண்ணீர் பள்ளம் பார்த்துப் போய், கன்னியப்பனுடைய முக்கால் ஏக்கரில் தேங்கி, அவன் கிணற்றில் இறங்கிவிட்டது.

கன்னியப்பனின் தகப்பன் வேலூரில் ஒரு துரையிடம் குதிரைக்காரனாக இருந்து, கை நிறையச் சேர்த்த காசில் வாங்கின நிலம் அது. கிணறும் அவர் வெட்டினதுதான். சேரியில் நாற்பது வீட்டுக்கும் அந்த ஒரு கிணறுதான் குடிதண்ணீர். ஊருக்குள் வேறு இரண்டு கிணறுகள் இருந்தன. அவற்றின் பக்கத்தில் சேரிக்காரர் போகக்கூடாது என்பது எங்கள் வழக்கம். எங்கள் என்றுதான் சொல்ல வேண்டும். நானும் அப்படிப்பட்ட தெருவில் பிறந்தவன்தான்.

கன்னியப்பன் தன் பெண்சாதி எல்லம்மாவைக் கூட்டிக்கொண்டு வேலூருக்கு வந்து, எங்கள் வக்கீல் வீட்டு வாசலில் நின்றான்.

"சாமி, தண்ணி கெட்டுப்போச்சு" என்றான்.

"எத்தனை ரூபாய்க்கு?" என்று கேட்டேன்.

அவன் எல்லம்மாவைப் பார்த்தான். அவள் அவனைப் பார்த்தாள்.

"மொத்தமா கெட்டுப்போச்சுங்க. வாயில வெக்க முடியல."

"மொத்தமாக என்றால் கோர்ட்டுக்கு ஒன்றும் புரியாது, கன்னியப்பா. ரூபாய் அணா பைசாவில் சொல்லு."

"தண்ணிக்கு ஏது சாமி ரூபா? அது ஊறிக்கினு இருந்திச்சு. குடிச்சிக்கினு இருந்தோம்."

எங்கள் வக்கீல் உள்ளேயிருந்து வந்தார். அவர் கட்சிக்காரனுக்கு விஷயத்தை விளக்குவதில் பெயர் போனவர். நாற்காலியில் சாய்ந்து, கண்ணை மூடிக்கொண்டு சொன்னார்: "இதோ பார். நியாயம் என்பது ஒரு மாடி வீடு. கீழே நிற்கிறவனுக்கு மேல் மாடி தெரியாது. ஏறுவதற்குப் படி வேண்டும். படி என்பது தொகை. தொகை ஜாஸ்தியானால் ஸ்டாம்பு ஜாஸ்தி. ஸ்டாம்பு வாங்க வக்கில்லாதவனுக்கு மேல் மாடியில் என்ன வேலை? ஆகவே ஏழைக்குச் சிரமம் வைக்கக்கூடாது என்றுதான் சர்க்கார் அவனைக் கீழேயே நிறுத்தியிருக்கிறது. இவ்வளவு கருணை வேறு எந்த ராஜ்யத்திலும் கிடையாது."

கன்னியப்பன் கும்பிட்டான். வக்கீல் பீஸ் வாங்கிக்கொண்டு உள்ளே போனார். அவன் கொண்டுவந்த பணம் எல்லம்மாவின் மூக்குத்தியையும் ஒரு கறவைப் பசுவையும் விற்றது.

கஷ்டத்துக்கு விலை போடும் வேலை என்னுடையது. இரண்டு போகம் கேழ்வரகும் கத்தரியும் கருகினதற்கு இருநூற்று நாற்பது. அந்தத் தண்ணீரைக் குடித்துச் செத்த உழவு மாடு எண்பத்தைந்து. தள்ளி வேறு கிணறு தோண்டிப் பாறை தட்டிப் பாழானதற்கு நூற்றிருபது. ஆற்றிலிருந்து வண்டியில் தண்ணீர் கொண்டுவந்த கூலி ஐம்பத்தைந்து. கூட்டிப் பார்த்தேன். அச்சடித்தாற்போல் ஐந்நூறு ரூபாய் வந்தது.

"பானைய எழுதலியே சாமி" என்றாள் எல்லம்மா.

"என்ன பானை?"

அவள் சொன்னாள். ஆற்றுத் தண்ணீர் வற்றின மாசியில், ஊர்க் கிணற்றுக்குத் தூரத்தில் போய்ப் பானையை வைத்துக்கொண்டு நின்றாள். யாராவது மனசு வந்து ஊற்றினால் உண்டு. காலையிலிருந்து வெயில் உச்சிக்கு வரும் வரை நின்றாள். ஒருத்தரும் ஊற்றவில்லை. நிழலுக்காக இரண்டு எட்டு முன்னால் வந்தாள். ஒரு பெரிய மனிதர் வந்து பானையைக் காலால் எற்றி உடைத்தார். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள்.

"இருபது வருசமா என் கெணத்துல நான் எறைச்சி நாலு பேருக்கு ஊத்துனவ சாமி. வழிப்போக்கன் வந்தாலும் இன்னா ஏதுன்னு கேக்காம ஊத்துவேன். அன்னிக்குப் பிச்சைக்காரி மாதிரி நின்னேன். எல்லாரும் சிரிச்சாங்க. அத்த எழுதுங்க."

"சிரிப்புக்கெல்லாம் கோர்ட்டில் விலை கிடையாது, அம்மா."

"அப்ப பானைக்கு எழுதுங்க."

"பானை என்ன விலை?"

"ரெண்டணா."

எனக்குச் சிரிப்பு வந்தது. இருந்தாலும் அவள் முகத்தைப் பார்த்து, 'மண்பானை ஒன்று, இரண்டணா' என்று கடைசி வரியில் எழுதினேன். எழுதினதைப் படித்துக் காட்டச் சொன்னாள். காட்டினேன். இன்னொரு தரம் படிக்கச் சொன்னாள். அதையும் படித்தேன். மாடும் கேழ்வரகும் கன்னியப்பன் கவலை. அவளுக்கு வழக்கு என்பதே அந்தக் கடைசி வரிதான் என்று அப்போது எனக்குப் படவில்லை.

மொத்தம் ஐந்நூறு ரூபாய் இரண்டணா. ஐந்நூறுக்கு மேல் ஒரு தம்பிடி ஏறினாலும், அடுத்த பத்து ரூபாய்க்கு உண்டான ஸ்டாம்பும் சேர்த்து ஒட்ட வேண்டும். அதற்குப் பன்னிரண்டு அணா. கன்னியப்பன் இடுப்பு முடிச்சை அவிழ்த்து அதையும் எண்ணி வைத்தான். பிராது என்கிற வழக்கு மனுவில் கைநாட்டு வைத்தான். வெள்ளைத் தாளிலும் இரண்டு மூன்று கைநாட்டு வாங்கி வைத்துக்கொள்வது எங்கள் ஆபீஸ் வழக்கம். அவசரத்துக்கு உதவும் என்று சொல்வோம். அதையும் வைத்துவிட்டு இரண்டு பேரும் ரயிலுக்குப் போனார்கள்.

குமாஸ்தாக்கள் மத்தியில் 'வால் நறுக்குவது' என்று ஒரு வேலை உண்டு. வெளி ஆட்களுக்குத் தெரியாது. தொகையின் கடைசியில் அணாக் கணக்கில் ஒரு வால் தொங்கினால் அதை நறுக்கிவிடுவது. கட்சிக்காரன் வாலுக்கும் சேர்த்து ஸ்டாம்புக் காசு கொடுத்திருப்பான். அது நறுக்கினவனைச் சேரும். இரண்டணா நஷ்டத்துக்கு எவனும் கோர்ட்டில் வந்து அழுததில்லை என்பதால் இதைப் பாவம் என்று யாரும் நினைத்ததில்லை. நானும் நினைக்கவில்லை. கைநாட்டு வைத்த வெள்ளைத் தாளில் பிராதை அழகாகத் திருப்பி எழுதினேன். பானை போய்விட்டது. ஐந்நூறு ரூபாய் சுத்தமாக நின்றது.

பன்னிரண்டு அணாவுக்கு அப்போது வேலூர் பஜாரில் ஒரு நல்ல பித்தளைச் செம்பு கிடைக்கும். வாங்கினேன்.

முன்சீப் கோர்ட்டில் வழக்கு பதினான்கு மாதம் நடந்தது. கிணற்றுத் தண்ணீரை ஒரு பாட்டிலில் அடைத்து, சீட்டு ஒட்டி, சாட்சிப் பொருளாக மேஜைமேல் வைத்தோம். தக்கையை எடுத்ததும் பெஞ்சு கிளார்க்கு வெளியே ஓடினார். டபேதார் ஜன்னலைத் திறந்தார். முன்சீப் கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு, "தண்ணீரில் வாடை இருப்பதாக ரிக்கார்டில் ஒன்றும் இல்லையே?" என்று கேட்டார்.

"கனம் முன்சீப் அவர்களுக்கே தெரிகிறதே" என்றார் எங்கள் வக்கீல்.

"எனக்குத் தெரிவது வேறு, கோர்ட்டுக்குத் தெரிவது வேறு. என் மூக்கு ஒரு தனி மனிதனுடைய மூக்கு. கோர்ட்டுக்கு வாடை தெரிய வேண்டுமானால் மனுப் போடுங்கள்."

எட்டணா ஸ்டாம்பில் மனுப் போட்டோம். எதிர்க்கட்சி ஆட்சேபித்தது. இரண்டு வாய்தா கழித்து, 'கோர்ட்டுக்கு வாடை தெரிந்தது' என்று உத்தரவானது. அதுவரை எல்லாரும் மூக்கைப் பொத்திக்கொண்டு, வாடை இல்லாததுபோலவே நடந்துகொண்டோம்.

பிறகு கிணற்றைப் பார்வையிட ஒரு கமிஷனரை அனுப்பினார்கள். இளம் வக்கீல். ஜட்கா வாடகையும் பீஸும் கன்னியப்பன் தலையில். அவர் கிணற்றின் ஆழத்தை அளந்தார், அகலத்தை அளந்தார், சுற்றுச்சுவரில் உள்ள கற்களை எண்ணினார். பதினேழு பக்கம் அறிக்கை கொடுத்தார். தண்ணீரைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கேட்டதற்கு, "கிணற்றைப் பார்க்கத்தான் உத்தரவு, தண்ணீரைப் பார்க்க உத்தரவு இல்லை" என்றார். அதுவும் சரிதான்.

இவ்வளவையும் மீறிக் கன்னியப்பன் ஜெயித்தான். தீர்ப்புச் சொல்லும்போது முன்சீப் சொன்ன வார்த்தை எனக்கு அப்படியே ஞாபகம் இருக்கிறது: "வழக்கமாக வாதிகள் அணாவும் தம்பிடியுமாகக் கோர்ட்டை இம்சிக்கிறார்கள். இந்தப் பிராதில் கூட்டல் சுத்தமாக இருக்கிறது. சுத்தமான தொகை சுத்தமான மனசுக்கு அடையாளம். ஐந்நூறு ரூபாயும் டிக்ரி செய்கிறேன்." எங்கள் வக்கீல் திரும்பி என்னைப் பெருமையாகப் பார்த்தார். நானும் பெருமைப்பட்டேன். அதை இப்போது நினைத்தால் உடம்பு கூசுகிறது.

கம்பெனி ஜில்லா கோர்ட்டுக்கு அப்பீல் போட்டது. அங்கே துரை ஜட்ஜு. அவர் நிதானமான மனிதர்; குரலை உயர்த்தமாட்டார். கம்பெனிக்காரர்கள், இப்போது அந்தக் கிணற்றை ஒரு ரூபாய் கொடுத்தும் வாங்க ஆளில்லை என்று நான்கு பேரை விட்டுச் சாட்சி சொல்ல வைத்த காகிதத்தைக் காட்டினார்கள். துரை அதை இரண்டு தரம் படித்தார்.

அவர் இங்கிலீஷில் சொன்னதை மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார்: "இந்தக் கிணற்றுக்கு இப்போது மதிப்பு இல்லை என்பதை இரண்டு கட்சியும் ஒப்புக்கொள்கின்றன. முன்பு மதிப்பு இருந்தது என்பதற்குப் பத்திரம் இல்லை. இந்த நாற்பது வீட்டார் காசு கொடுக்காமலே குடித்திருக்கிறார்கள். காசு கொடுக்காத பொருளுக்கு மதிப்பு ஏது? மதிப்பில்லாத பொருளுக்கு நஷ்டம் எப்படி வரும்? மேலும், இந்த நிமிஷம் மெசபடோமியா மணலில் சக்கரவர்த்தியின் சிப்பாய் நடந்துகொண்டிருக்கிறான். அவன் காலில் பூட்ஸ் இருக்கிறது. வாதி தன் கிணற்றைப் பார்க்கிறான். கோர்ட்டு அந்தச் சிப்பாயின் காலைப் பார்க்கிறது."

கன்னியப்பன் தன் காலைப் பார்த்துக்கொண்டான். அதில் செருப்பு இல்லை. டிக்ரி ரத்து, இரண்டு கோர்ட்டுச் செலவும் அவன் கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பு.

"இது நிற்காது" என்றார் எங்கள் வக்கீல். "இந்தத் தர்க்கத்தைப் பட்டணத்தில் ஒரு நிமிஷத்தில் கிழித்துவிடுவார்கள். அப்பீல் போடு." கன்னியப்பன் நிலத்தை அடமானம் வைத்தான். வைத்தது அதே கம்பெனியிடம்தான். அந்த நிலத்தின்மேல் வேறு யார் காசு கொடுப்பார்கள்?

காகிதக் கட்டோடு நானும் அவனும் பட்டணத்துக்கு ரயில் ஏறினோம். அவன் மடியில் ஒரு பாட்டில் கிணற்றுத் தண்ணீர் வைத்திருந்தான். பெரிய ஜட்ஜுகள் கேட்டால் காட்டலாம் என்று எல்லம்மா கொடுத்தனுப்பினாளாம்.

அப்பீலை வாங்கிப் பார்க்கிற ஜன்னலில் ஒரு பெரியவர் இருந்தார். காது வரை மூக்குக்கண்ணாடிக் கயிறு. அவர் தீர்ப்பைப் படிக்கவில்லை, பிராதைப் படிக்கவில்லை. தொகை எழுதின இடத்தில் மட்டும் விரலை வைத்தார்.

"ஐந்நூறு" என்றார்.

"ஆமாம்" என்றேன்.

"மிஞ்சவில்லை."

"ஐந்நூறு இருக்கிறதே?" ஐந்நூறு இருந்தால் போதும் என்றுதான் எங்கள் வக்கீலும் நானும் நினைத்திருந்தோம்.

"ஐந்நூறு இருக்கிறது. ஐந்நூறை மிஞ்சவில்லை." அவர் கண்ணாடியைக் கழற்றினார். இதைச் சொல்வதில் அவருக்கு ஒரு சந்தோஷம் இருந்தது. "ஐந்நூறு ரூபாய் வரை இருப்பது வெறும் கஷ்டம். அதற்கு மேல் ஒரே ஒரு தம்பிடி இருந்தால் அது சட்டப் பிரச்னை. நாங்கள் சட்டப் பிரச்னை மட்டும்தான் எடுப்போம். அந்த ஒரு தம்பிடி வந்துவிட்டால் பிறகு லட்ச ரூபாய் ஜமீன்தாருக்கும் உனக்கும் வித்தியாசம் கிடையாது. சட்டத்துக்கு முன்னால் எல்லாரும் சமம்."

நான் காகிதக் கட்டைத் திருப்பி வாங்கக் கையை நீட்டினேன். கன்னியப்பனுக்கோ முகம் மலர்ந்துவிட்டது. இத்தனை வருஷத்தில் கோர்ட்டுப் பேச்சு ஒன்று அவனுக்குப் புரிந்தது அன்றைக்குத்தான்.

"அப்ப பானை இருக்குதே சாமி!" என்று ஜன்னலுக்குள் தலையை விட்டான். "ரெண்டணா பானை! எங்க ஊட்ல சொல்லி எழுதனது. குமாஸ்தா சாமி ரெண்டு தரம் படிச்சிக் காட்டனாரு. கடசீ வரி. நல்லாப் பாருங்க."

பெரியவர் நல்ல மனிதர். பிராதை எடுத்து, கடைசி வரியைப் பார்த்தார். பிறகு முதலிலிருந்து ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் பார்த்தார். "மாடு இருக்கிறது, வண்டிக் கூலி இருக்கிறது. பானை இல்லையே" என்றார்.

கன்னியப்பன் என்னைத் திரும்பிப் பார்த்தான். சந்தேகப்பட்டுப் பார்க்கவில்லை. எங்கே எழுதியிருக்கிறது என்று நான் எடுத்துக் காட்டுவேன் என்று பார்த்தான்.

"முன்சீப் கோர்ட்டில் அடித்துவிட்டார்கள், கன்னியப்பா" என்றேன்.

"அடிச்சிட்டாங்களா?"

"ஆமாம். சின்னத் தொகை என்று."

அவன் மடியிலிருந்த பாட்டிலைத் தொட்டுப் பார்த்துக்கொண்டான். பிறகு, "நீங்க இன்னா சாமி பண்ணுவீங்க, உங்களால ஆனத்த எழுதனீங்க" என்றான். ரயிலில் எனக்கு ஒரு டம்ளர் காப்பி வாங்கிக் கொடுத்தான். குடித்தேன். அந்தப் பாட்டில் தண்ணீரை, நான் வேலூருக்கு இறங்கும்வரை அவன் மடியிலேயே வைத்திருந்தான்.

அப்புறம் எல்லாம் சட்டப்படி சீக்கிரமாக நடந்தது. கோர்ட்டுச் செலவுக்கும் அடமானத்துக்குமாக நிலத்தைக் கம்பெனியே எடுத்துக்கொண்டது. கிணறு கெட்டுவிட்டதால் விலையில் நாற்பது ரூபாய் குறைத்துக்கொண்டார்கள். மதிப்பே இல்லாத கிணறு கெட்டதற்கு நாற்பது ரூபாய் எப்படிக் குறைந்தது என்று நான் எங்கள் வக்கீலைக் கேட்டேன். "அது வேறு வழக்கு" என்றார். கன்னியப்பனும் எல்லம்மாவும் அந்தத் தோல் ஷாப்பிலேயே தோலில் மயிர் சுரண்டுகிற வேலைக்குப் போனார்கள். அங்கே குடிக்க ஆற்றிலிருந்து வண்டியில் தண்ணீர் வருமாம்.

அடுத்த சித்திரையில் ஒருநாள் மத்தியானம் எல்லம்மா என் வீட்டுக் கொல்லைப்பக்கம் வந்து நின்றாள். கைவிரலெல்லாம் சுண்ணாம்பில் வெந்து தோலுரிந்திருந்தது.

"சாமி, நம்ம கேசுக் காகிதம் எனக்கு வேணும்" என்றாள்.

"எதற்கு?"

"ஷாப்புல ஜான் பாஷான்னு ஒரு கணக்கரு இருக்காரு. நல்ல மனுசன். கொண்டாந்தா படிச்சிக் காட்டறேன்னாரு. பானைய எழுதன எடம் எதுன்னு தெரிஞ்சிக்கணும். கோர்ட்டுல அடிச்சாக்கூட, அடிச்ச கோடு இருக்குமில்ல? அந்தக் கோட்டுக்குக் கீழ எழுத்து இருக்குமில்ல? அது போதும் எனக்கு. அன்னிக்கி அவங்க சிரிச்சது ஒரு காகிதத்துல இருக்குதுன்னு இருந்தாப் போதும்."

கட்டு என் அறையில் பரண்மேல்தான் இருந்தது. பத்தடி தூரம். அதில் அடித்த கோடு இல்லை. நான் எழுதின அழகான பிரதிதான் இருந்தது.

"காகிதமெல்லாம் கோர்ட்டில் இருக்கிறது. அவர்கள் கொடுக்கமாட்டார்கள்" என்றேன்.

"சரிங்க சாமி" என்றாள். அவ்வளவு லேசாக ஒத்துக்கொண்டாள். இல்லை என்று சொல்லிக் கேட்டே பழகினவள். வெட்கத்தில் எனக்கு அப்படியே செத்துப்போகலாம் போல இருந்தது. இருந்தாலும் பரணுக்குப் போகவில்லை.

போகத் திரும்பினவள், "குடிக்கக் கொஞ்சம் தண்ணி ஊத்துங்க சாமி, வெயிலு ஜாஸ்தி" என்றாள்.

உள்ளே போய் முதலில் கைக்கு அகப்பட்டதில் தண்ணீர் மொண்டு வந்தேன். வந்த பிறகுதான் அது எந்தச் செம்பு என்று பார்த்தேன். திரும்பிப் போய் மாற்றி எடுத்துவரலாமா என்று ஒரு கணம் நின்றேன். அவள் அதற்குள் குனிந்து, வெந்துபோன இரண்டு கையையும் குவித்து வாயருகே வைத்துக்கொண்டாள். எங்கள் வழக்கப்படி, செம்பு அவள் கையில் படாமல் உயரத்தில் பிடித்து ஊற்றினேன். அவள் கண்ணை மூடிக்கொண்டு குடித்தாள்.

குடித்துவிட்டு நிமிர்ந்து செம்பைப் பார்த்தாள்.

"நல்ல செம்பு. இன்னா வெல சாமி?"

"பன்னிரண்டு அணா" என்றேன். அந்த வழக்கில் நான் சொன்ன உண்மை அது ஒன்றுதான்.

அவள் செம்பைப் பார்த்தாள். என்னை ஒரு தரம் பார்த்தாள். புரிந்ததோ இல்லையோ, இன்றுவரை எனக்குத் தெரியாது. பிறகு குனிந்து மறுபடியும் கையைக் குவித்தாள்.

"தண்ணி நல்லா இருக்குது சாமி. இன்னும் கொஞ்சம் ஊத்துங்க."

ஊற்றினேன். பாதித் தண்ணீர் மண்ணில் போயிற்று.